சட்டத்துக்கு வெளியே ஓர் அப்பா: ரவி வர்மாவைக் குடும்ப வரலாறாகப் பார்ப்பது எப்படி

ரவி வர்மாவின் ஓவியங்கள் முன்னால் போய் நிற்கிறவர்கள் கொஞ்ச நேரத்துக்கு லட்சுமியையும் சரஸ்வதியையும் ஒதுக்கி வைத்துவிட வேண்டும். நம் வீடுகளுக்குள் அவர் வந்தது பூஜை அறை வழியாக. 1894-இல் பம்பாய் காட்கோபரில் அவர் தொடங்கிய கல்லச்சுக் கூடத்திலிருந்து தெய்வப் படங்கள் ஆயிரக்கணக்கில் புறப்பட்டன. பிறகு கோவில்பட்டி கொண்டையராஜுவும் அவருடைய சீடர்களும் வரைந்து, சிவகாசி அச்சகங்கள் காலண்டர்களாக ஊரெங்கும் அனுப்பிய படங்களிலும் அந்த முகச்சாயல் தொடர்ந்தது. அதனால் அசல் ஓவியத்தின் முன் நின்றாலும் நம் கண் அதைத் தெரிந்த சாமிப் படமாக எண்ணி நகர்ந்துவிடுகிறது.

திருவனந்தபுரத்தில் அப்படி நகர்ந்துவிடக் கூடாது. அருங்காட்சியக வளாகத்தில், ராபர்ட் சிஷோம் வடிவமைத்த நேப்பியர் மியூசியத்துக்குப் பக்கத்தில், ஸ்ரீசித்ரா கலைக்கூடம் இருக்கிறது. 2023-இல் ரவி வர்மாவுக்கென்றே தனியாக ஒரு கூடமும் அதே வளாகத்தில் திறக்கப்பட்டது. நினைவு, அடையாளம், குடும்ப வரலாறு ஆகியவற்றைத் தம் படைப்பின் பொருளாக்கிக்கொண்ட கலைஞர்களைப் பற்றி இன்று நிறையப் பேசுகிறோம். பல ஊடகங்களில் வேலை செய்கிறவர்கள், காப்பகங்களைத் தோண்டுகிறவர்கள், பாட்டியின் பெட்டியைத் திறந்து காட்சிக்கு வைக்கிறவர்கள் என்று அவர்களை அறிமுகப்படுத்துவார்கள். எண்ணெய் வண்ணம், கல்லச்சு, புகைப்படம், நாடக மேடை, புராணம் எல்லாவற்றையும் ஒரே கையில் சேர்த்துப் பிடித்த ரவி வர்மாவை அந்த வரிசையில் யாரும் வைப்பதில்லை. அவரை அங்கே வைத்துத்தான் பார்க்க வேண்டும் என்பது என் எண்ணம். அவருடைய ஓவியங்களுக்குள் ஒரு குடும்பத்தின் கதை ஓடிக்கொண்டிருக்கிறது. அதைப் படிக்கத் தெரிந்தால், சாமிப் படங்கள்கூட வேறாகத் தெரியும்.

போவதற்கு முன் ஒரு தாளை எடுத்து அவருடைய வம்சத்தை வரைந்துகொள்ளுங்கள். நம் வழக்கப்படி அப்பாவிலிருந்து தொடங்கினால் கோடு பாதியிலேயே அறுந்துவிடும். அம்மாவிலிருந்து தொடங்க வேண்டும். நாஞ்சில் நாட்டுக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மருமக்கள் வழியின் அல்லல்களைக் கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை ஒரு முழு நூலாகவே பாடியிருக்கிறார். மற்றவர்களுக்கு இதுமட்டும் போதும்: குழந்தை தாயின் தறவாட்டை, அதாவது தாய்வழிக் கூட்டுக் குடும்பத்தைச் சேர்ந்தது. சொத்து தாய்மாமனிடமிருந்து சகோதரியின் பிள்ளைகளுக்குப் போகும். அப்பா என்பவர் பெரும்பாலும் வேறொரு வீட்டிலிருந்து வந்து போகிறவர்.

ரவி வர்மா 1848 ஏப்ரல் 29 அன்று கிளிமானூரில் பிறந்தார். அம்மா உமயாம்பா பாய் கவிதை எழுதுகிறவர். அப்பா ஏழுமாவில் நீலகண்டன் பட்டதிரி, வடமொழி கற்ற நம்பூதிரி. ஆனால் பையனின் கையில் தூரிகையைக் கொடுத்தவர் தாய்மாமன் ராஜ ராஜ வர்மா. தஞ்சாவூர் பாணியில் படம் எழுதப் பழகியிருந்தவர் அவர். பதினான்கு வயதில் பையனைத் திருவனந்தபுரத்துக்கு அழைத்துப்போய் ஆயில்யம் திருநாள் மகாராஜாவிடம் சேர்த்ததும் அவர்தான். அரண்மனையில் மதுரையைச் சேர்ந்த ராமசாமி நாயக்கர் எண்ணெய் வண்ணத்தில் தேர்ந்தவராக இருந்தார். அவர் அந்த நுட்பத்தைச் சொல்லித்தரவில்லை என்றும், அவருடைய மாணவர் ஆறுமுகம் பிள்ளை மறைவாக உதவினார் என்றும் ரவி வர்மாவின் வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள். 1868-இல் வந்த தியோடர் ஜென்சன் என்ற ஐரோப்பியர், தாம் வரைவதை நின்று பார்க்க மட்டும் அனுமதித்தாராம். பெயருக்கு முன்னால் நிற்கும் 'ராஜா'வும் மாமன் வழி வந்ததே. 1904-இல் கிடைத்த கைசர்-இ-ஹிந்த் பதக்கத்தின்போது அப்படிக் குறிப்பிடப்பட்டது, பிறகு நிலைத்துவிட்டது.

தாளில் அடுத்த கோடு மாவேலிக்கரைக்குப் போக வேண்டும். 1866-இல் அவர் மணந்த பாகீரதி அந்த ஊர் அரச குடும்பத்துப் பெண். பாகீரதியின் அக்கா லட்சுமி பாய் திருவிதாங்கூர் அரச குடும்பத்துக்குத் தத்தாகப் போய் ஆற்றிங்கல் ராணியானவர். அவருடைய கணவர் கேரள வர்மா வலிய கோயித்தம்புரான், காளிதாசனின் சாகுந்தலத்தை மலையாளத்தில் தந்தவர். திருமணத்துக்குப் பிறகும் பாகீரதி மாவேலிக்கரையிலேயே இருந்தார். ரவி வர்மா கிளிமானூர், திருவனந்தபுரம், பரோடா, மைசூர், பம்பாய் என்று ஓவியம் அழைத்த ஊருக்கெல்லாம் போனார். பிள்ளைகள் ஐவர், அம்மா வீட்டில் வளர்ந்தார்கள். 1891-இல் பாகீரதி இறந்தார்.

இதையெல்லாம் மனத்தில் வைத்துக்கொண்டு ஒரே ஒரு படத்தின் முன் உட்காருங்கள். 'அதோ அப்பா வருகிறார்' என்ற பொருள்படும் ஆங்கிலத் தலைப்புக் கொண்ட, 1893-இல் முடிந்த ஓவியம். கவடியார் அரண்மனைச் சேகரிப்பைச் சேர்ந்தது. அசலைப் பார்க்கும் வாய்ப்பு எல்லோருக்கும் கிடைக்காது. நல்ல அச்சுப் பிரதி போதும், ஆனால் அலைபேசித் திரையில் வேண்டாம். வெள்ளை முண்டும் நேரியதும் உடுத்திய இளம்பெண் நிற்கிறாள். இடுப்பில் குழந்தை. அவள் கை நீட்டி எதையோ காட்டுகிறாள். காலடியில் ஒரு நாய், அதுவும் அதே திசையில் முகத்தைத் திருப்பியிருக்கிறது. நிற்பவள் ரவி வர்மாவின் மூத்த மகள் மகாபிரபா. குழந்தை அவருடைய பேரன்.

முதலில் பார்வைகளைப் பின்தொடருங்கள். பெண், குழந்தை, நாய் என்று எல்லாம் படத்தின் இடது ஓரத்தைத் தாண்டிப் போகின்றன. வருகிறவர் படத்தில் இல்லை. அவருடைய நிழல்கூட விழவில்லை. சட்டத்துக்கு வெளியே இருக்கும் ஓர் ஆளுக்காகப் படத்துக்குள் இருப்பவர்கள் எல்லோரும் திரும்பி நிற்கிறார்கள். பிறகு துணியைப் பாருங்கள். வெள்ளை என்று நாம் ஒரே சொல்லில் சொல்லிவிடுவதற்குள் எத்தனை சாயல் வைத்திருக்கிறார், கசவுக் கரையில் ஒளி எந்த இடத்தில் மட்டும் தெறிக்கிறது என்று நிதானமாகக் கவனியுங்கள். இந்த ஒளிதான் அவர் எட்டி நின்று கற்ற ஐரோப்பியப் பாடம். அந்தப் பாடத்தை அவர் செலவிட்டது ஒரு கேரளத்துத் தறவாட்டு உடையின் மேல். குழந்தையின் உடம்பில் பொன் நகை. ஆக, வசதியான வீடு, நிறைவான தாய், ஆரோக்கியமான குழந்தை, எல்லாம் இருக்கிறது. ஓர் ஆள் மட்டும் வர வேண்டும்.

அந்த ஆள் குழந்தையின் அப்பா என்பது நேர்ப்பொருள். கலை வரலாற்றாசிரியர்கள் இதில் மருமக்கள் வழி தளர்ந்து, கணவன் மனைவி குழந்தை என்ற சிறு குடும்பம் ஆசையாக உருவெடுப்பதைப் படித்திருக்கிறார்கள். சரியான வாசிப்புதான். நான் அதோடு ஒன்றைச் சேர்த்துப் பார்க்கிறேன். தூரிகையோடு எதிரே நிற்பவர் மகாபிரபாவின் அப்பா. அவள் சிறுமியாக இருந்த காலத்தில் மாவேலிக்கரை வீட்டுக்கு வந்து போனவர். அவள் தாய் இறந்து இரண்டே ஆண்டு ஆகிறது. தன் மகள் இன்னோர் ஆணுக்காகக் காத்திருப்பதுபோல் அவளை நிறுத்தி வரைகிறவருக்கு, அவள் தனக்காகக் காத்திருந்த நாள்கள் நினைவுக்கு வராமல் இருந்திருக்குமா? இதற்கு எழுத்துச் சான்று எதையும் காட்ட என்னால் முடியாது. படம்தான் சான்று. பெண்ணின் முகத்தில் எதிர்பார்ப்பு அதிகமா, பொறுமை அதிகமா என்று நீங்களே பார்த்து முடிவு செய்யுங்கள். எனக்குப் பொறுமையே அதிகமாகத் தெரிகிறது.

படம் வரையப்பட்ட ஆண்டும் சும்மா வந்ததல்ல. 1890-இல் சி. சங்கரன் நாயர் மருமக்கள் வழியினரின் திருமணத்தைச் சட்டபூர்வமாக்கச் சென்னைச் சட்டசபையில் ஒரு மசோதா கொண்டுவந்தார். 1891-இல் மலபார் திருமண ஆணையம் அமைந்தது. அதற்குத் தலைமை ஏற்றவர் நம் தஞ்சைப் பக்கத்துக்காரரான நீதிபதி சர் டி. முத்துசாமி ஐயர். 1896-இல் மலபார் திருமணச் சட்டம் வந்தது. அந்த ஆணையத்தில் ஓர் உறுப்பினர் ஓ. சந்துமேனோன். 1889-இல் 'இந்துலேகா' நாவலை எழுதியவர். பழைய உறவுமுறையை நாவலில் அத்தனை கூர்மையாக விமர்சித்தவர், ஆணையத்தில் மாற்றுக் கருத்தையே பதிவு செய்தார். நாயர் திருமணம் ஏற்கெனவே திருமணம்தான், அதற்குத் தனிச் சட்டம் வேண்டியதில்லை என்பது அவருடைய வாதம். அந்த நாவலின் நாயகியையும் ரவி வர்மா வரைந்திருக்கிறார். அப்பா யார், அவருக்கு வீட்டில் என்ன இடம் என்ற கேள்வி நீதிமன்றத்திலும் நாவலிலும் தறவாட்டுத் திண்ணையிலும் ஒரே நேரத்தில் எழுந்த காலம் அது. திருவிதாங்கூரில் நாயர் ஒழுங்குமுறைச் சட்டங்கள் 1912-இலும் 1925-இலும் வந்தன, நாஞ்சில் நாட்டு வேளாளருக்கு 1926-இல். கேரளம் கூட்டுக் குடும்ப முறையைச் சட்டத்தால் முற்றாக ஒழித்தது 1976-இல்தான்.

ரவி வர்மாவோ 1870-லேயே இந்த இடத்துக்கு வந்துவிட்டார். மூகாம்பிகை தரிசனத்தை ஒட்டிய பயணத்தில் கோழிக்கோட்டில் கிழக்கே பாலாட்டு கிருஷ்ண மேனோன் குடும்பத்தை வரைந்தார். கூலி பெற்று அவர் செய்த முதல் படம் இது என்பார்கள். தொழிலின் தொடக்கமே ஒரு குடும்பப் படம். அதுவும் தகப்பனைச் சேர்த்து நிறுத்திய குடும்பம். அந்த நாள் மலபாரில் அது வீட்டில் காணக் கிடைத்த காட்சியைவிட, வீடு இப்படி இருக்கட்டும் என்று ஒருவர் விரும்பிக் கேட்ட காட்சியாக இருந்திருக்கும்.

இப்போது அருங்காட்சியக வளாகத்துக்குள் போகலாம். திங்கட்கிழமை விடுமுறை, காலையில் போனால் நெரிசல் குறைவு. உள்ளே எல்லாவற்றையும் பார்த்துவிட வேண்டும் என்று ஓடாதீர்கள். ரோரிக்கின் இமயமலைப் படங்களும் தஞ்சாவூர் ஓவியங்களும் இங்கே உண்டு, அவற்றை இன்னொரு நாளைக்கு வைத்துக்கொள்ளலாம். நேராக சகுந்தலையிடம் போங்கள். காலில் முள் தைத்ததுபோல் பாவனை செய்து, தோழியின் தோளைப் பற்றிக்கொண்டு திரும்பிப் பார்க்கிறாள். நூறு விளம்பரங்களில் பார்த்ததுதான். ஆனால் இப்போது கேட்க வேண்டிய கேள்வி வேறு. அவள் யாரைப் பார்க்கிறாள்? துஷ்யந்தனை. அவன் எங்கே? சட்டத்துக்கு வெளியே. அடுத்து தமயந்தி, சிவந்த சேலையில், அன்னத்தின் எதிரே நிற்கிறாள். அன்னம் பேசுவது நளனைப் பற்றி. நளனும் படத்தில் இல்லை. மகாபிரபாவின் முன் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு வந்தவருக்கு இந்த இரண்டு படங்களும் புராணமாக மட்டும் தெரியாது. சகுந்தலையின் கதையே ஒரு தகப்பன் தன் பிள்ளையை ஏற்றுக்கொள்ள மறந்த கதை அல்லவா? ரவி வர்மா திரும்பத் திரும்ப அவளிடம் போனார். அந்த நாடகத்தை மொழிபெயர்த்தவர் அவர் மனைவியின் அக்கா கணவர். ஒரே குடும்பத்தில் ஒருவர் எழுத்திலும் இன்னொருவர் வண்ணத்திலும் அவளோடு வாழ்ந்திருக்கிறார்கள்.

தலைவனுக்காகக் காத்திருக்கும் தலைவி நம் அகமரபிலும் வடமொழிக் காவியத்திலும் பழையவள், ரவி வர்மா புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை என்று சொல்லலாம். உண்மை. ஆனால் ஒரு கலைஞன் மரபிலிருந்து எதைப் பொறுக்கி எடுக்கிறான் என்பதில் அவனுடைய வீடு தெரியும். அவரிடம் அர்ச்சுனனும் கிருஷ்ணனும் உண்டு. இருந்தும் நம் மனத்தில் தங்கியவர்கள் தனியே நிற்கும் பெண்கள். அந்தப் பெண்களின் நடுவில் வளர்ந்தவர், அந்தப் பெண்களிடமிருந்து எப்போதும் கிளம்பிப் போய்க்கொண்டிருந்தவர் அவர்.

அதே வளாகத்தில் 'ஜிப்சிகள்' படத்தையும் தவறவிடாதீர்கள். தந்தி வாத்தியத்தோடு ஒரு தாய், அவளை ஒட்டிப் பிள்ளைகள். இங்கேயும் ஆண் இல்லை. ஆனால் இவர்களுக்குத் தறவாடும் இல்லை, கசவும் இல்லை. வருகிறவர் யாரும் இருப்பதாகவும் தெரியவில்லை, அவர்கள் பார்வை எங்கேயும் காத்திருக்கவில்லை. மகாபிரபாவின் படம் முடிந்த அதே 1893-ஐச் சேர்ந்தது இது. இரண்டையும் அடுத்தடுத்து நினைத்துப் பார்த்தால் ரவி வர்மாவின் எல்லை எங்கே இருக்கிறது என்பது புரியும். தம் வீட்டுப் பெண்ணுக்குப் பெயரும் வம்சமும் கொடுத்தவர், தெருவில் பாடும் தாயை ஒரு வகையினமாகத்தான் பார்த்தார்.

அவர் விட்ட இடத்தைப் பார்க்க வேண்டுமென்றால் இதே நகரத்து நுண்கலைக் கல்லூரியில் படித்த என்.என். ரிம்சனின் 1995-ஆம் ஆண்டு நிர்மாணக் கலைப்படைப்பை ஒரு புகைப்படத்திலாவது பாருங்கள். நூற்றெட்டு அடி தள்ளி என்று தலைப்பு. வரிசையாக மண்பானைகள், துடைப்பங்கள், கயிறு. எச்சில் தரையில் விழாதிருக்கக் கழுத்தில் பானையும், காலடித் தடத்தை அழிக்க முதுகில் துடைப்பமும் கட்டி நடக்க வைக்கப்பட்டவர்களின் நினைவு அது. ஒரு முகம்கூட இல்லை. எண்ணெய் வண்ணத்தில் பாட்டியின் படம் தொங்காத வீடுகளின் வரலாற்றை அப்படித்தான் சொல்ல முடியும் என்று ரிம்சன் கண்டது பெரிய விஷயம்.

மீண்டும் தாளுக்கு வருவோம், இன்னும் சில கோடுகள் பாக்கி. 1900-இல் திருவிதாங்கூர் அரச குடும்பத்தில் வாரிசைப் பெற்றுத்தரப் பெண் இல்லாமல் போனது. லட்சுமி பாய் தன் தங்கை பாகீரதியின் பேத்திகள் இருவரைத் தத்தெடுத்தார். ஒருத்தி மகாபிரபாவின் மகள் சேது லட்சுமி பாய், இன்னொருத்தி மகாபிரபாவின் தங்கை மகள் சேது பார்வதி பாய். இருவருக்கும் ஐந்து வயதுக்குள்தான். முன்னவர் 1924 முதல் 1931 வரை அரசை நடத்தினார். நாகர்கோவில் எஸ்.எல்.பி. பள்ளியில் படித்தவர்கள் நாள்தோறும் உச்சரித்த பெயர் அவருடையதுதான். பின்னவரின் மகன் சித்திரைத் திருநாள், 1936-இல் ஆலயப் பிரவேசப் பிரகடனம் செய்தவர். அதற்கு முந்தைய ஆண்டு, ஐரிஷ் கவிஞர் ஜேம்ஸ் கசின்ஸின் ஆலோசனையோடு, அவர் திறந்ததுதான் இந்த வளாகத்தின் ஸ்ரீசித்ரா கலைக்கூடம். அதாவது கொள்ளுப்பேரன் கலைக்கூடம் திறந்த வளாகத்தில் கொள்ளுத்தாத்தாவின் படங்கள். ஆனால் அரசுரிமை அவருக்கு வந்தது ரவி வர்மாவின் இரத்தம் என்பதற்காக இல்லை, பாகீரதியும் அவருடைய மகளும் பேத்தியும் வழியாக. வம்சக் கோட்டில்கூட ரவி வர்மா சட்டத்துக்கு வெளியேதான் நிற்கிறார்.

கைகளையும் கவனிக்க வேண்டும், ஒரு கை மட்டும் வேலை செய்த ஓவியங்கள் அல்ல இவை. தம்பி சி. ராஜ ராஜ வர்மா கூடவே பயணம் செய்தார், கூடவே வரைந்தார், கணக்கு வழக்கையும் பார்த்துக்கொண்டார். பின்புல நிலக்காட்சிகள் பலவற்றில் அவருடைய தூரிகை உண்டு. 1895 முதல் 1904 வரை அவர் ஆங்கிலத்தில் எழுதிய நாட்குறிப்பு இன்று புத்தகமாகக் கிடைக்கிறது. மாடலாக யார் வந்தார், எந்தப் படம் எங்கே அனுப்பப்பட்டது, அச்சுக்கூடத்தின் தொல்லைகள் என்ன என்று அன்றாடம் பதிந்திருக்கிறார். ரவி வர்மாவை ரசிக்க விரும்புகிறவர்கள் கலை விமர்சனத்துக்கு முன் இதைப் படிப்பது நல்லது. தம்பி 1905 தொடக்கத்தில் இறந்தார், அண்ணன் 1906 அக்டோபர் 2 அன்று. தங்கை மங்களா பாயும் ஓவியர். அண்ணனின் உருவப்படத்தை வரைந்தவர். அவருக்குப் பம்பாய் இல்லை, அச்சுக்கூடம் இல்லை, நாட்குறிப்பும் நமக்கு வந்து சேரவில்லை. பெண் வழியே வம்சம் ஓடிய குடும்பத்திலும் பெண் கலைஞருக்குக் கிடைத்த சுவர் மிகச் சிறியது. அவர் படம் கண்ணில் பட்டால் மற்றவற்றைவிட இரு மடங்கு நேரம் கொடுங்கள்.

இப்படிப் பார்த்துப் பழகிய கண்ணோடு நம் காலத்துக் கலைஞர்களிடம் போகும்போது, புரியவில்லை என்ற தயக்கம் போய்விடும். விவான் சுந்தரம் 2001 வாக்கில் தம் தாத்தா உம்ராவ் சிங் எடுத்த குடும்பப் புகைப்படங்களை ஒன்றோடொன்று கலந்து, பெரியம்மா அம்ரிதா ஷெர்கிலைப் புதிய காட்சிகளுக்குள் நிறுத்தினார். அங்கேயும் கேட்க வேண்டியது யார் யாரைப் பார்க்கிறார் என்பதே. தமிழ் வாசகர்கள் கட்டாயம் தேட வேண்டியது யாழ்ப்பாணத்துக் கலைஞர் தா. சனாதனனின் 2011-ஆம் ஆண்டு நூல் வடிவப் படைப்பு. அதன் தலைப்பில் வரும் தோம்பு என்பது ஒல்லாந்தர் காலத்துக் காணிப் பதிவேடு. சனாதனன் போரில் வீட்டை இழந்தவர்களிடம் நினைவிலிருந்து வீட்டின் வரைபடத்தைப் போடச் சொன்னார். அவர்கள் போட்ட கோணல் கோடு, அதைக் கட்டடக் கலைஞர் திருத்திப் போட்ட வரைபடம், அதைத் தொட்டு சனாதனன் வரைந்த சித்திரம் என்று ஒவ்வொரு வீட்டுக்கும் மூன்று அடுக்கு. முதல் அடுக்கில் அதிக நேரம் செலவிடுங்கள். கிணறு எத்தனை பெரிதாக வந்திருக்கிறது, எந்த மரம் விடாமல் வந்திருக்கிறது, எந்த அறை காணாமல் போயிருக்கிறது என்று பாருங்கள். அளவு தவறியிருக்கும் இடத்தில்தான் அந்த வீட்டின் வாழ்க்கை இருக்கிறது.

நாகர்கோவில் பக்கமிருந்து வருகிறவர்களுக்கு ஒரு வரிசை சொல்கிறேன். முதல் நாள் பத்மநாபபுரம் அரண்மனையில் இறங்குங்கள். அங்கே மிகப் பழைய பகுதி தாய்க்கொட்டாரம். நாலுகட்டு முற்றத்தைச் சுற்றி அறைகள் எப்படி அமைந்திருக்கின்றன, வெளியிலிருந்து வருகிறவர் எதுவரை வர முடியும் என்று நடந்து பாருங்கள். அடுத்த நாள் காலை அருங்காட்சியக வளாகம். பிற்பகல் எம்.சி. ரோட்டில் வடக்கே சுமார் 40 கிலோமீட்டர் போனால் கிளிமானூர். அரண்மனையில் குடும்பத்தார் இன்றும் வசிக்கிறார்கள், முன்கூட்டி அனுமதி கேட்டுப் போவது முறை. இன்னும் ஒரு நாள் கையில் இருந்தால் மாவேலிக்கரை. ரவி வர்மாவின் மகன் ராம வர்மா 1915-இல் அங்கே தொடங்கிய ஓவியப் பள்ளி இன்று அப்பாவின் பெயரில் நுண்கலைக் கல்லூரியாக நடக்கிறது. வரைந்து வைத்த அந்தத் தாளை மறக்காமல் கையில் எடுத்துப்போங்கள், வழியில் கேட்டறியும் பெயர்களைச் சேர்க்க ஓரத்தில் இடம் விட்டு.